இரண்டு நாள் கழித்து வரும் களைப்பு

2021 மே மாதம் எனக்குக் கொரோனா வந்தது. காய்ச்சல் ஐந்து நாளில் விட்டது, களைப்பு மட்டும் போகவில்லை. எட்டு மணி நேரம் தூங்கி எழுந்தாலும் விடிய விடிய நெல் அவித்த மாதிரி உடம்பு கிடக்கும். ஹீமோகுளோபின், தைராய்டு, சர்க்கரை, பி12 எல்லாம் பார்த்தாயிற்று. எல்லாமே நார்மல். "வீட்டிலேயே அடைஞ்சு கிடந்தா இப்படித்தான்மா, தினமும் அரை மணி நேரம் நடங்க" என்றார் ஒரு டாக்டர். நடந்தேன். மூன்றாவது வாரம் தலை சீவக் கை தூக்க முடியாமல், சீப்பை மடியில் போட்டுக்கொண்டு அழுதேன்.

அக்கா சொல்லித்தான் தினமும் ஒரு நோட்டில் எழுத ஆரம்பித்தேன். ஞாயிறு: மாடியில் பெட்ஷீட் காயப்போட்டேன். திங்கள்: பரவாயில்லை. செவ்வாய்: எழவே முடியவில்லை, தொண்டை வலி, ஜன்னல் வெளிச்சம் கண்ணைக் குத்துகிறது. நான்கு வாரம் எழுதிய பிறகுதான் பிடிபட்டது. வேலை செய்த அன்று ஒன்றும் தெரியாது. மறுநாளோ அதற்கு மறுநாளோ ஆளை அடித்துப் போட்டுவிடும்.

அந்த நோட்டைப் பொறுமையாகப் படித்த இன்னொரு டாக்டர், என்னைப் பத்து நிமிடம் சுவரில் சாய்ந்து நிற்கச் சொல்லி நாடி பார்த்தார். நிமிடத்துக்கு 72-இல் இருந்தது 108 ஆனது. சும்மா நின்றதற்கே இவ்வளவு ஏறக்கூடாதாம். இது நாட்பட்ட களைப்பு நோய் என்றார். இதைக் காட்டிக்கொடுக்கும் ரத்தப் பரிசோதனை கிடையாதாம். ஆறு மாதத்துக்கு மேல் களைப்பு, தூங்கியும் தெளிவின்மை, உழைத்த பின் மோசமாவது, கூடவே மறதியோ நின்றால் தலைசுற்றலோ இருந்தால் இதுதான். உடற்பயிற்சியைப் படிப்படியாகக் கூட்டும் சிகிச்சை இதற்கு வேண்டாம் என்று பிரிட்டனில் சிகிச்சை வழிமுறைகளை வகுக்கும் நைஸ் அமைப்பு 2021 அக்டோபரில் வெளியிட்ட வழிகாட்டுதலையும் காட்டினார். "உங்க மேல தப்பு இல்லம்மா" என்றார். ஒன்றரை வருடமாக அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் காத்திருந்தேன்.

குணப்படுத்தும் மருந்து இன்னும் இல்லை. இருக்கிற தெம்புக்குள் வாழப் பழகினேன். சமையலறையில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்தே காய் நறுக்குகிறேன். நன்றாக இருக்கும் நாளில்தான் அதிக ஜாக்கிரதை, சேர்ந்து கிடக்கும் வேலையையெல்லாம் முடித்துவிடலாம் என்று கை பரபரக்கும். "நேத்து நல்லாத்தானே இருந்தே?" என்று கேட்டுக்கொண்டிருந்த அத்தைக்கும் நோட்டைப் படித்துக் காட்டினேன். இப்போதெல்லாம் குக்கரை வைத்ததுமே, "நீ போய்ப் படும்மா, நான் இறக்கிக்கிறேன்" என்கிறார்.

போன மாதம் தங்கை மகளுக்குக் காதுகுத்து. முதல் நாள் முழுக்கப் படுத்திருந்தேன். விழாவில் ஒரு மணி நேரம் நாற்காலியில் உட்கார்ந்திருந்துவிட்டுக் கிளம்பினேன். அடுத்த இரண்டு நாளும் எந்த வேலையும் வைத்துக்கொள்ளவில்லை. மூன்றாம் நாள் காலை நானே தலை சீவிப் பின்னிக்கொண்டேன்.