தேய்ந்த இடம்

மார்ச் 3

அப்பா எடுத்த பழைய வி.எச்.எஸ். கேசட்டைக் கணினியில் ஏற்றினேன். நான் ஓடிவந்து படியில் தடுக்கி விழும் காட்சி. இதுதான் என் முதல் ஞாபகம் என்று எல்லோரிடமும் சொல்லி வந்திருக்கிறேன். இன்றுதான் உறைத்தது: என் ஞாபகத்திலும் நான் எதிரிலிருந்துதான் தெரிகிறேன். விழுந்தவளுக்குத் தன் முகம் எப்படித் தெரியும்? தரைதானே தெரிந்திருக்கும்!

மார்ச் 4

செய்ய நினைக்கும் வீடியோ படைப்புக்காக, விழுவதை மட்டும் வெட்டி லூப்பில் ஓடவிட்டேன். இருபதாவது தடவை அது யாரோ ஒரு குழந்தை. சரிப்படவில்லை.

மார்ச் 7

அமெரிக்கக் கலைஞர் டான் கிரஹாம் 1974-ல் செய்த ‘பிரசென்ட் கன்டின்யூவஸ் பாஸ்ட்ஸ்’ என்ற வீடியோ படைப்பு மனதிலேயே ஓடுகிறது. கண்ணாடிச் சுவர் அறை, ஒரு கேமரா, ஒரு திரை. திரையில் 8 விநாடிக்கு முந்தைய நீங்கள். அந்தத் திரை எதிர்க் கண்ணாடியில் விழுந்து மறுபடி கேமராவுக்குள் போவதால், அதற்குள்ளே 16 விநாடிக்கு முந்தைய நீங்கள். வீட்டில் அதே தாமதத்தை வைத்துப் பார்த்தேன். நான் கையைத் தூக்கி இறக்கி, அதை மறந்தும்விட்ட பிறகு அவள் தூக்குகிறாள். எட்டு விநாடிக்கே இப்படி.

மார்ச் 11

கேசட்டில் ஓரிடத்தில் மட்டும் புள்ளியும் கோடுமாக இரைச்சல். சுத்தம் செய்ய உட்கார்ந்தவள் அப்படியே நிறுத்திவிட்டேன். ஏன் அங்கே மட்டும்?

வீடியோ டெக்கில் ‘பாஸ்’ (pause) போட்டால் டேப் நிற்கும், உள்ளே அதைப் படிக்கும் சுழல் உருளையான ஹெட் டிரம் நிற்காது. நம்மூர் டிவியின் ‘பால்’ (PAL) முறையில் நிமிஷத்துக்கு 1500 சுற்று. நின்ற டேப்பை அதே இடத்தில் உரசிக்கொண்டே இருக்கும். காந்தப் பூச்சு தேயும். யாரோ அந்த இடத்திலேயே திரும்பத் திரும்ப நிறுத்திப் பார்த்திருக்கிறார்கள்.

நான் விழும் இடமில்லை அது. அதற்கு அடுத்த நாலு விநாடி. கேமரா ஆடிச் சாய்கிறது, என்னைத் தூக்க அப்பாவின் கை உள்ளே வருகிறது. முழங்கை வரைக்கும், கைக்கடிகாரத்தோடு. கேசட் முழுக்க அப்பா இருப்பது அங்கே மட்டும்தான்.

மார்ச் 12

அம்மாவுக்குப் போன் போட்டுக் கேட்டேன். கொஞ்ச நேரம் பேச்சே இல்லை. “உங்கப்பா போனதுக்கப்புறம் ராத்திரியில போட்டுப் பாப்பேன்டி. நீ தூங்கிருப்ப.”

எனக்குத் தெரியவே தெரியாது.

நான் விழுவதை வெட்டி நீக்கிவிட்டேன். அந்த நாலு விநாடி போதும், இரைச்சலோடு.

மார்ச் 15

புரொஜெக்டரில் சுவரளவு போட்டேன். இரைச்சலுக்கு நடுவே கடிகாரத்தின் வட்டம் நிற்கிறது, முள் தெரியவில்லை. ஞாயிற்றுக்கிழமை அம்மா வருகிறாள். சுவருக்குக் கிட்டே ஒரு நாற்காலி போடணும். ரிமோட்டையும் பக்கத்திலேயே வைக்கணும்.