முடிக்கு மட்டும்தான் சாயம்

கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் பதினோரு வருடமாக மணப்பெண் அலங்காரம் செய்கிறேன். எந்தப் படம் பார்த்தாலும் என் கண் முதலில் முகத்துக்குத்தான் போகும். போன வாரம் 'எல்.ஏ. கான்ஃபிடென்ஷியல்' படத்தை நான்காவது முறையாகப் பார்த்தேன். கர்ட்டிஸ் ஹான்சன் இயக்கத்தில் 1997இல் வந்தது. கதை 1950களின் லாஸ் ஏஞ்சலிஸில் நடக்கிறது.

கிம் பேசிங்கர் அதில் லின் பிராக்கன். நடிகை வெரோனிகா லேக்கின் சாயலில், முகத்தில் பாதியில் வந்து விழும் பொன்னிறக் கூந்தல். பணக்காரர்களுக்காக நடிகைகளைப் போல உருமாற்றி வைத்திருக்கும் பெண்களில் ஒருத்தி. சிலருக்குக் கத்தி வைத்து முகத்தையே மாற்றியிருப்பார்கள். லின்னோ, போலீஸ்காரன் பட் ஒயிட்டிடம் நேராகவே சொல்லிவிடுகிறாள்: முடிக்கு மட்டும்தான் சாயம், மீதி எல்லாம் நான்தான் என்று. பூச்சைப் பூச்சு என்று கூசாமல் சொல்கிறாளே, அதற்காகவே அவளை எனக்குப் பிடிக்கும்.

போலீஸ் பக்கம் அப்படி இல்லை. ஜாக் வின்சென்ஸ், போலீஸ் பெருமை பேசும் டிவி தொடருக்கு ஆலோசகர். கிசுகிசுப் பத்திரிகைக்காரனிடம் காசு வாங்கிக்கொண்டு, கேமரா வெளிச்சத்தில் நடிகர்களைக் கைது செய்வார். கேப்டன் டட்லி ஸ்மித் பேச்சில் அவ்வளவு கனிவு. ஊரின் போதை வியாபாரத்தைக் கைக்குள் போடப் பார்ப்பதும் அவர்தான்.

கிறிஸ்துமஸ் அன்று லாக்கப்பில் கைதிகளை அடிக்கும் காட்சி வெறும் கற்பனை அல்ல. 1951 டிசம்பர் 25 அன்று லாஸ் ஏஞ்சலிஸ் போலீசார் ஏழு பேரை அப்படித்தான் அடித்தார்கள். எட்டு போலீஸ்காரர்கள் மீது வழக்குப் போட்டார்கள்.

அந்தக் காட்சியை என்னால் முழுதாகப் பார்க்க முடிவதில்லை. என் தம்பியை ஒருமுறை ரோட் பிளாக்கில் போலீசார் நிறுத்திக் கோப்பிக் காசு, அதாவது லஞ்சம், கேட்டார்கள். தரமாட்டேன் என்றதும் பாலாய்க்கு, போலீஸ் நிலையத்துக்கு, கொண்டுபோய்விட்டார்கள். விடிகாலை மூன்று மணிக்கு வீட்டுக்கு வந்தான், உதடு வீங்கி, கன்னம் நீலம் பாரித்து. ஒன்பது மணிக்கு வேலைக்கு இண்டர்வியூ. "அக்கா, ஏதாவது பூசிவிடு" என்றான். நீலம் தெரியாமல் இருக்க முதலில் ஆரஞ்சு நிற கரெக்டர், அதன்மேல் அவன் நிறத்துக்கு ஃபவுண்டேஷன், அப்புறம் பவுடர். முடித்தபோது ஒன்றுமே தெரியவில்லை. அவ்வளவு நன்றாகச் செய்துவிட்டேனே என்று என்மேல்தான் கோபம் வந்தது. புகார் கொடுக்கலாம் என்றேன். "யாரிடம்?" என்று கேட்டான்.

படத்தின் முடிவில் காவல்துறையும் பூசத்தான் செய்கிறது. டட்லியைச் சுட்டுக் கொன்ற இன்னொரு போலீஸ் அதிகாரி எட் எக்ஸ்லி நடந்ததையெல்லாம் மேலதிகாரிகளிடம் சொல்லிவிடுகிறான். துறையின் பெயர் கெடக்கூடாது என்று டட்லியை வீரமரணம் அடைந்தவராக்குகிறார்கள். எக்ஸ்லிக்கு இன்னொரு பதக்கம். அவனும் அதற்கு உடன்படுகிறான். அதைச் சாமர்த்தியம் என்று ரசிப்பவர்கள் உண்டு. என்னால் முடியவில்லை.

வெளியே கார் நிற்கிறது. பின்சீட்டில் பட் ஒயிட், கட்டுப் போட்டபடி, வாய் திறந்து பேச முடியாமல். பட்ட அடி பட்டபடியே தெரிகிறது. லின் அவனை அப்படியே அரிசோனாவில் இருக்கும் தன் ஊருக்குக் கூட்டிப் போகிறாள்.