ஆற்றுக்குள் இருந்த கோயில்

ஜப்பானின் கீ தீபகற்பத்தில் இருக்கும் குமானோ ஹொங்கு தைஷா என்னும் பெரிய கோயிலில் 158 கல்படி ஏறி, இரண்டு முறை குனிந்து, இரண்டு முறை கைதட்டி, மறுபடி ஒருமுறை குனிந்து கும்பிட்டாயிற்று. மூன்று கால் காக்கை வரைந்த தாயத்தும் வாங்கியாயிற்று. கீழே வந்தால் பேருந்து போய்விட்டிருந்தது. தப்பு என்னுடையதுதான், மேலே அதிக நேரம் நின்றுவிட்டேன். சரி, அடுத்தது வரும்வரை ஆற்றுப் பக்கம் போகலாம் என்று நடந்தேன்.

வயல்களுக்கு நடுவே 33.9 மீட்டர் உயரத்தில் தோரி என்னும் கோயில் வாயில் ஒன்று நிற்கிறது. 2000ஆம் ஆண்டில் எழுப்பியது. அதைத் தாண்டிப் போனால் ஓயுனோஹாரா என்னும் ஆற்றுத் திட்டு. குமானோ, ஒதொனாஷி, இவாத்தா ஆகிய ஆறுகள் கூடுகிற முக்கூடல். கோயிலின் பழைய இடம் இதுதான்.

குமானோ ஆறு நாராவின் ஓமினே மலைகளில் பிறந்து, 183 கிலோமீட்டர் ஓடி, ஷிங்கூ ஊரில் பசிபிக்கில் கலக்கிறது. மழை கொட்டித் தீர்க்கும் தீபகற்பம் இந்தக் கீ. போதாததற்கு 1868இல் தொடங்கிய மெய்ஜி பேரரசர் காலத்தில் மேல்மலைக் காடுகளை வெட்டித் தள்ளினார்கள். 1889 ஆகஸ்ட் வெள்ளத்தில் கோயிலின் பெரும்பகுதி ஆற்றோடு போயிற்று. தப்பிய சன்னதிகளை 1891இல் மேட்டுக்கு மாற்றினார்கள். ஆற்றின் மேல்பகுதியில் தொத்சுகவா கிராமத்தில் மலையே சரிந்து, 2000 பேருக்கும் மேல் ஊரைவிட்டு வடக்கே ஹொக்கைடோ தீவுக்குக் குடிபெயர்ந்தார்கள். அங்கேயும் தங்கள் புது ஊருக்குப் புதுத் தொத்சுகவா என்றுதான் பெயர் வைத்தார்கள்.

இப்போது திட்டில் இருப்பவை புல்வெளி, உயர்ந்த மரங்கள், இரண்டு சிறிய கல் சன்னதிகள். அடித்துச் செல்லப்பட்ட சன்னதிகளின் தெய்வங்கள் இவற்றில் இருக்கின்றன. மேலே இருக்கும் கோயில் அழகுதான், ஆனால் எனக்கு என்னவோ மூலஸ்தானம் இங்கே என்றே பட்டது.

காலையில் ஹொஷின்மோன் ஓஜி என்னும் யாத்திரை வழிச் சிறுகோயிலிலிருந்து ஏழு கிலோமீட்டர் நடந்து வரும்போது ஃபுஷிஒகாமி என்ற மேடு வந்தது. 'விழுந்து வணங்குமிடம்' என்று பொருள். கியோத்தோவிலிருந்து நாள்கணக்கில் நடந்து வந்தவர்கள் இந்தத் திட்டை முதலில் பார்த்தது அங்கிருந்துதான். பதவி துறந்த பேரரசர் கோ-ஷிரகாவா 34 தடவை வந்திருக்கிறார். கவிஞர் இசுமி ஷிகிபுவுக்கு அந்த மேட்டில் மாதவிலக்கு வந்துவிட, இனி எப்படிக் கோயிலுக்குள் போவது என்று கலங்கிக் கவிதை எழுதினாராம். கனவில் வந்த தெய்வம், 'தூசியோடு தூசியாகக் கலந்திருப்பவன் நான், தீட்டு என்ன செய்யும், வா' என்றதாம். ஆணோ பெண்ணோ, யாரையும் தள்ளாத இடம் என்று குமானோவுக்குப் பெயர். அந்தக் கதையைப் படித்தபோது ஏனோ தொண்டை அடைத்தது.

அந்தக் காலத்தில் திட்டுக்குப் பாலம் கிடையாது. ஒதொனாஷியில் இறங்கிக் கால் நனைத்துத்தான் தெய்வத்திடம் போகவேண்டும், அதுவே சுத்தி. பெயருக்கு 'ஓசையற்றது' என்று அர்த்தம். நானும் செருப்பைக் கழற்றிவிட்டு இறங்கினேன். கணுக்கால்வரைதான், ஆனால் குளிர் எலும்புக்குள் போயிற்று. காதை வைத்துக் கேட்டேன். சத்தம் இருந்தது, கூழாங்கற்களுக்கு நடுவே சன்னமாக.

வழிபாடு முடித்தவர்கள் இங்கிருந்து படகேறி ஷிங்கூவில் உள்ள ஹயதமா தைஷா என்னும் இன்னொரு பெரிய கோயிலுக்குப் போவார்கள். ஆறே யாத்திரைப் பாதை. 2004இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலிலும் அப்படியே சேர்ந்தது. எனக்கு வாய்த்தது பேருந்துதான். ஷிங்கூ வரைக்கும் ஆறு கூடவே வந்தது. காலில் ஒட்டியிருந்த மணலை நான் தட்டிவிடவில்லை.