ப்ரெனுவினுக்கு ஒரு கட்டில்

ஸ்கைரிம் கேமில் மாட் போடுகிறவர்கள், அதாவது ரசிகர்கள் செய்த மாற்றங்களைச் சேர்ப்பவர்கள், பெரும்பாலும் முதலில் கைவைப்பது முகத்தில்தான். லிடியாவுக்குப் புது மூக்கு, யஸோல்டாவுக்குப் புதுக் கூந்தல், கடைக்காரர்களுக்கெல்லாம் பளபளப்பான தோல். 2011 நவம்பரில் வந்த கேம் இது. அன்றைய முகங்கள் இன்றைய திரையில் கரடுமுரடாகத் தெரிவது உண்மை, அதனால் அந்த ஆசை எனக்குப் புரிகிறது. ஆனால் கேமில் வரும் வைட்ரன் நகரச் சந்தையில் நகை விற்கும் ஃப்ராலியா பாட்டிக்கு இருபது வயதுப் பெண்ணின் கன்னத்தை ஒட்டவைக்கும் மாட்களைப் பார்த்தால் மனசு ஆறுவதில்லை. காணாமல்போன மகன் தோரால்ட் உயிரோடு இருக்கிறான் என்று நம்பிக்கொண்டிருக்கும் தாய் அவர். அந்தச் சுருக்கங்கள் அவர் கதையில் பாதி.

முகத்தை மாற்றுவது எளிதும் இல்லை. கேமைத் திருத்தும் கருவியான கிரியேஷன் கிட்டில் நாம் செய்யும் மாற்றம், மாட்டின் தரவுக் கோப்பான பிளகினில் எண்களாகப் போய் உட்காரும். கேம் ஓடும்போது அந்த எண்களைப் படித்து முகம் செய்வதில்லை. ஏற்கெனவே செய்துவைத்த தலை ஒன்றையும், தோல் நிறத்துக்கான படக் கோப்பு ஒன்றையும் எடுத்து மாட்டிவிடுகிறது. ஆளைத் தேர்ந்தெடுத்து கன்ட்ரோலோடு எஃப்4 அழுத்தினால்தான் இந்த இரண்டு கோப்புகளும் உருவாகும். ஒரே ஆளை இரண்டு மாட்கள் தொட்டு, பிளகின் ஒன்றிலிருந்தும் கோப்பு இன்னொன்றிலிருந்தும் வந்தால் தலை மட்டும் கறுத்துப்போய் நிற்கும். கறுப்பு முகக் கோளாறு என்று எல்லோரும் புலம்புவது இதைத்தான்.

நான் பேச வந்தது வேறு. ஒரு என்பிசியை, அதாவது கேமே இயக்கும் கதாபாத்திரத்தை, ஆளாக்குவது முகம் இல்லை, அவருடைய ஒரு நாள். எங்கே விழிக்கிறார், யாரைப் பார்க்கப் போகிறார், ராத்திரி எங்கே படுக்கிறார் என்பதுதான். இதே வரிசையில் 2002-இல் வந்த மாரோவிண்ட் கேமில் கடைக்காரர்கள் இரவும் பகலும் நின்ற இடத்திலேயே நின்றார்கள். 2006-இல் ஒப்ளிவியன் வந்தபோது ஊர்க்காரர்களுக்குத் தூங்கவும் சாப்பிடவும் நேரம் கிடைத்தது. அந்த அமைப்பு ஸ்கைரிமில் இன்னும் விரிவாக இருக்கிறது, நாம் திறந்து மாற்றுகிற மாதிரியும் இருக்கிறது. கிரியேஷன் கிட் 2012 பிப்ரவரியிலிருந்து இலவசம்.

வைட்ரனில் ப்ரெனுவின் என்று ஒருவர் இருக்கிறார். ரெட்கார்ட் இனத்தவர், வீடு இல்லாதவர், சந்தைப் பக்கம் பிச்சை கேட்டு நிற்பவர். ஒரு காசு கொடுத்தால் நமக்கு ஒரு மணி நேரத்துக்குப் பேச்சுத் திறமை 10 புள்ளி கூடும். பேனர்ட் மேர் விடுதியிலிருந்து ஆர்கோனியன் ஏல் என்ற மதுவில் ஒரு பாட்டிலை எடுத்துவரச் சொல்வார். கொண்டுவந்து கொடுத்தால் நம்மை நண்பராக நினைப்பார். அவ்வளவுதான். டிராகன்களை வீழ்த்தி, ஊரில் 'தேன்' (Thane) என்ற கௌரவப் பட்டம் வாங்கி, பை நிறையத் தங்கம் வைத்துக்கொண்டு வந்தாலும் அவர் அதே இடத்தில் அதே கந்தலோடு காசு கேட்பார். நான் விளையாடும்போது பக்கத்தில் உட்கார்ந்திருந்த அக்கா மகன், "சித்தி, உங்ககிட்ட மூணு வீடு இருக்கே, இவருக்கு ஒரு கட்டில் குடுக்க முடியாதா?" என்று கேட்டான். கேமில் அதற்கு வழியில்லை. கிரியேஷன் கிட்டில் இருக்கிறது.

வேலை எங்கே கொடுப்பது என்பதுதான் முதல் யோசனை. நகரத்துக்கு வெளியே மூன்று பண்ணைகள் பக்கம் பக்கமாக இருக்கின்றன. சில்ஃபரோ பண்ணை நசீமுடையது. பார்க்கிறவர்களிடமெல்லாம் "மேகப் பேட்டைக்கு அடிக்கடி வருவதுண்டா?" என்று கேட்கும் அதே நசீம். ப்ரெனுவினை அந்த ஆளிடம் கைகட்டி நிற்கவைக்க எனக்கு மனம் வரவில்லை. பேட்டில்பார்ன் பண்ணை ஊரில் செல்வாக்கான குடும்பத்துடையது, அவர்களுக்கு ஏற்கெனவே ஊர்ச்சண்டை போதும். பெலாஜியா பண்ணையில் செவெரியோவும் நிம்ரியலும்தான். சின்ன இடம், நிலத்தில் எப்போதும் வேலை இருக்கும். அங்கேயே அனுப்பினேன்.

அப்புறம் கட்டில். அந்த வீட்டுக்குள் ஒரு மூலையில் கட்டிலைப் போட்டு, அதை ப்ரெனுவின் பேருக்கு எழுதிவைக்க வேண்டும். சொந்தக்காரர் யார் என்று குறிக்காவிட்டால் வேறு யாராவது அதில் படுத்துக்கொள்ளலாம். கட்டில் விழுந்த இடத்தில் நேவ்மெஷையும் வெட்டித் திருத்த வேண்டும். எங்கே நடக்கலாம் என்று என்பிசிகளுக்குச் சொல்லும் கண்ணுக்குத் தெரியாத தரை அது. திருத்தாமல் விட்டால் நிம்ரியல் அந்தக் கட்டிலின் மேல் முட்டிக்கொண்டே நடப்பார்.

அடுத்தது பேக்கேஜ், எந்த நேரத்தில் என்ன செய்ய வேண்டும் என்று என்பிசிக்குச் சொல்லும் கட்டளை. ஒவ்வொரு என்பிசிக்கும் ஒரு பட்டியல் இருக்கும். கேம் அதை மேலிருந்து கீழே படித்து, நேரமும் நிபந்தனையும் பொருந்துகிற முதல் பேக்கேஜை எடுத்து ஓட்டும். அதனால் எது மேலே, எது கீழே என்பது முக்கியம். ப்ரெனுவினின் பழைய பேக்கேஜ்களை நான் அழிக்கவில்லை, புதியவற்றை அவற்றுக்கு மேலே வைத்தேன். காலை 7 மணியிலிருந்து 10 மணி நேரம் வயல். மாலை 5 மணிக்கு நகரத்துக்குள். 8 மணிக்கு பேனர்ட் மேரில் இரண்டு மணி நேரம். 10 மணிக்குத் தூக்கம். எல்லாவற்றுக்கும் ஒரே நிபந்தனை: நம்மோடு அவருக்குள்ள உறவு நட்பு நிலைக்கு வந்திருக்க வேண்டும். ஏல் கொண்டுவந்து கொடுக்கும்வரை கேம் எப்படி இருந்ததோ அப்படியே இருக்கும். கொடுத்த பிறகுதான் அவர் வாழ்க்கை நகரும். அதே நிபந்தனையைப் பிச்சை கேட்கும் வசனங்களிலும் சேர்த்தேன். உடையையும் மாற்றினேன், கந்தலுக்குப் பதில் உழவர் உடை. முகத்தைத் தொடவே இல்லை.

வயலிலும் விடுதியிலும் சாண்ட்பாக்ஸ் வகைப் பேக்கேஜ் போதும். ஓர் இடத்தையும் சுற்றளவையும் சொல்லிவிட்டால், அங்கே இருக்கும் நாற்காலி, அடுப்பு, வேலை செய்யும் இடம் எதையாவது அவரே தேர்ந்தெடுத்துக்கொள்வார். சாப்பிடலாமா, பேசலாமா, உட்காரலாமா என்று தனித்தனியாக அனுமதிக்கலாம். விடுதியில் எல்லாவற்றையும் அனுமதித்தேன். ஹுல்டா நடத்தும் அந்த விடுதியிலிருந்து யாரோ எடுத்துவந்து தர வேண்டியிருந்த ஏலை, அவர் இனி அங்கேயே உட்கார்ந்து குடிக்கட்டும்.

மாலை 5 மணிப் பேக்கேஜுக்காகத்தான் நான் அதிகம் மெனக்கெட்டேன். 2012-இல் வந்த ஹார்த்ஃபயர் என்ற கூடுதல் தொகுப்பு, வைட்ரனுக்கு லூசியா என்ற சிறுமியைக் கொண்டுவந்தது. அம்மா இறந்த பிறகு அத்தையும் மாமாவும் பண்ணையை எடுத்துக்கொண்டு அவளை வெளியே துரத்திவிட்டார்கள். காசு கேட்டுப் பிழைக்கலாம் என்று அவளுக்குச் சொல்லிக்கொடுத்தது ப்ரெனுவின். அந்த ஊரில் அவளுக்கென்று அக்கறைப்பட்ட முதல் ஆள் அவர்தான். அவரை மட்டும் பண்ணைக்கு அனுப்பிவிட்டு அவளை மரத்தடியில் விட்டுவிட்டால் இந்த மாட் செய்தே இருக்க வேண்டாம். அதனால் மாலையில் அவர் கில்டர்கிரீன் மரத்தடிக்கு வருகிறார். லூசியா வைட்ரனுக்குள் இருந்தால் மட்டும் வர வேண்டும் என்று நிபந்தனை வைத்தேன். பேக்கேஜ் ப்ரெனுவினுடையதாக இருந்தாலும் நிபந்தனையை இன்னொருவர் மேல் சோதிக்க கிரியேஷன் கிட் விடும். நாம் அவளைத் தத்தெடுத்து வேறு ஊர் வீட்டுக்கு அழைத்துப் போய்விட்டால், அவர் நேராக விடுதிக்குப் போய்விடுவார். வைட்ரனில் உள்ள நம் வீடான ப்ரீஸ்ஹோமிலேயே வைத்திருந்தால் வழக்கம்போல் வருவார்.

பண்ணை மதிலுக்கு வெளியே என்பதால் டிராகன் வரும், ஓநாய் வரும். எசென்ஷியல் என்று குறித்தால் யாராலும் கொல்ல முடியாது. அது எனக்குப் பிடிக்கவில்லை, சாவே இல்லாதவருக்கு வாழ்க்கை கொடுத்து என்ன? புரொடெக்டட் போதும். அப்படிக் குறித்தால் நம் கையைத் தவிர வேறு எதுவும் அவரைக் கொல்லாது.

வசனம் மட்டும் குறைதான். புதிதாக ஒரு வரி எழுதினால் அதற்குக் குரல் கிடையாது. ஃபஸ் ரோ டோ என்ற மாட் இருந்தால், ஒலி இல்லாத வரியும் படிக்கிற நேரம்வரை திரையில் நிற்கும். நடிகரின் குரலைக் கணினியில் நகலெடுத்துப் புது வரிகளைப் பேசவைக்க இப்போது வழி இருக்கிறது. அவரைக் கேட்காமல் அவர் குரலை எடுத்துக்கொள்ள நான் தயாரில்லை. ப்ரெனுவின் என் மாட்டில் குறைவாகப் பேசுவார், அவ்வளவே.

சோதித்துப் பார்க்க நேரத்தைத் தள்ளிவிடாமல் கூடவே நடக்க வேண்டும். கேமின் நேரம் நம் நேரத்தைவிட 20 மடங்கு வேகம், அதனால் ஒரு முழு நாளுக்கு 72 நிமிடம். அவர் பின்னாலேயே போனேன். ஐந்து மணிக்கு வயலை விட்டுக் கிளம்பி, வாசலைத் தாண்டி, வார்மெய்டன் பட்டறை வழியாகச் சந்தைக்குள் வந்து, படியேறி மரத்தடிக்குப் போனார். இந்த வழியை நான் வரையவில்லை, போகவேண்டிய இடத்தை மட்டும்தான் சொன்னேன். லூசியா பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்தார். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

அடுத்தது விண்ட்ஹெல்ம் நகரத்து ஆங்ரெனார். போரில் காயப்பட்டுப் பிச்சைக்கு வந்தவர், அதனால் வயல் வேலை சரிப்படாது. எல்டாவின் கேண்டில்ஹார்த் விடுதியில் இரவுக் காவல் கொடுக்கலாம் என்றிருக்கிறேன். அதற்கு பேட்ரோல் பேக்கேஜ் வேண்டும், குறிகளை ஒன்றோடொன்று சங்கிலியாக இணைத்து வழி அமைப்பது. இந்த வாரம் அதைத்தான் படித்துக்கொண்டிருக்கிறேன்.