ராக்ஸெட்டும் மரீயோட குரலும்

ரெண்டு நாளா ராக்ஸெட்ங்கிற சுவீடன் பாப் ஜோடியோட பாட்டுதான் ஓடிட்டு இருக்கு. பெர் கெஸ்லே, மரீ ஃப்ரெட்ரிக்சன், சுவீடன்ல ஹால்ம்ஸ்டாட்ல பழக்கமாகி 1986ல ராக்ஸெட்டா சேர்ந்து பாட ஆரம்பிச்சாங்க. அமெரிக்காவுல யாருக்கும் தெரியாது, அப்போ சுவீடன்ல படிச்சிட்டு ஊர் திரும்புன ஒரு பையன் மினியாபோலிஸ் ரேடியோ ஸ்டேஷன்ல ஆல்பத்த குடுத்து போடுங்கன்னு கேக்க, கேட்டவங்கெல்லாம் போன் மேல போன் போட, 1989ல 'தி லுக்' அங்க நம்பர் ஒன்! அப்புறம் இன்னும் மூணு பாட்டு அதே இடத்துக்கு போச்சு.

எனக்கு 'இட் மஸ்ட் ஹாவ் பீன் லவ்' தான் உசிரு, மெதுவா ஆரம்பிச்சு மரீ குரல் மேல ஏறும்போது நெஞ்ச அடைக்கும்.

2002ல அவங்களுக்கு மூளையில கட்டி. அதையும் தாண்டி திரும்ப மேடை ஏறுனாங்க, கடைசியில உக்காந்துட்டேதான் பாடுனாங்க, விடல. 2019 டிசம்பர்ல போயிட்டாங்க. அந்த உக்காந்து பாடுற வீடியோ ஒண்ணு தேடி பாருங்க ப்ளீஸ்.