வேட்டியை மடித்துக் கட்டிய பாட்டா

குமரி மாவட்டம் குலசேகரம் பக்கத்தில் ஒரு வீட்டில் ஹோம் நர்ஸாக இருந்தேன். பாட்டாவுக்கு எண்பது தாண்டிவிட்டது; நாற்பது வருடம் ரப்பர் பால் வெட்டியவர். மகன் வளைகுடாவிலிருந்து அனுப்பிய பணத்தில், சிவப்புச் சிமெண்டுத் தரையைப் பெயர்த்துவிட்டுப் பளபளவென்று டைல்ஸ் போட்டிருந்தார்கள். அடுக்களைக்குப் போகும்போதெல்லாம் பாட்டா வேட்டியை முழங்காலுக்கு மேலே மடித்துக் கட்டி, காலால் துழாவித் துழாவி நடப்பார். மருமகள் தலையில் அடித்துக்கொள்வார். முதல் வாரம் நானும் சிரித்தேன். இப்போது நினைத்தால் கூசுகிறது.

வாசலில் கிடந்த கறுப்பு மிதியடி இன்னொரு வம்பு. அதன் முன்னால் வந்ததும் நின்றுவிடுவார். ஒருநாள் கையைப் பிடித்து இழுத்தேன். அறைந்துவிட்டார்.

"குழியில் தள்ளப் பார்க்கிறாயா, மக்களே?"

கண்ணைச் சோதித்தாயிற்று, கோளாறில்லை. கண் காட்டுவதை மூளை வாசிப்பதில்தான் பிசகு. மறதி நோயில் ஆழமும் நிற வேறுபாடும் சரியாகப் பிடிபடாமல் போகலாம். பளபளப்பு தண்ணீராகும், கறுப்பு பள்ளமாகும். தண்ணீரில் இறங்குகிறவர் வேட்டியை மடிக்காமல் என்ன செய்வார்? அருகிலுள்ள பேச்சிப்பாறை அணை கட்டி முடிந்த அதே 1906இல் ஜெர்மனியில் அலாய்ஸ் அல்சைமர் இந்த நோயைப் பற்றி மருத்துவர்கள் கூட்டத்தில் பேசினார். எங்கள் பக்கத்தில் இன்றும் இதற்கு 'வயதானால் இப்படித்தான்' என்றே பெயர்.

மிதியடியை எடுத்தேன். பாட்டா தானாக நடந்துபோய்ப் படியில் உட்கார்ந்தார். ஜன்னலுக்குத் திரை போட்டதும் பாதித் தண்ணீர் வற்றியது.

விடியற்காலை 3 மணிதான் பெரும்பாடு. எழுந்து பால் வெட்டும் கத்தியைத் தேடுவார். நேற்றைய பேச்சைப் பதித்துவைக்கும் ஹிப்போகேம்பஸ் என்ற மூளைப் பகுதிதான் பெரும்பாலும் முதலில் பழுதாகிறது. கை பழகிய தொழில் வேறிடத்தில் பத்திரமாக இருக்கிறது. "வேலையை விட்டு இருபது வருடமாயிற்று" என்று மருமகள் சொன்னால் கதவை உடைக்கப் போவார். நான், "மழை பாட்டா, இன்று வெட்டில்லை" என்பேன். படுத்துவிடுவார். பொய்தான். சம்பளம் வாங்கிக்கொண்டு சொன்ன பொய்.

ஒரு ராத்திரி ஜன்னல் கம்பிக்கு வெளியே கையை நீட்டிப் பார்த்தார்.

"மழை விட்டுவிட்டதே, மக்களே."

கதவைத் திறந்தேன். கருப்பட்டிக் காப்பி போட்டுக் கொடுத்தேன். இருவரும் படியில் உட்கார்ந்தோம். சிரட்டையில் பால் நிரம்ப நேரமாகும் என்றார். விடியும்வரை காத்திருந்தோம்.