22,900 ரூபாய் தவணையில் அசல் 171 ரூபாய்

மதுரையில் நாங்கள் வாங்கிய அடுக்குமாடி வீட்டின் விலை 42 லட்சம். அதில் 30 லட்சம் வங்கிக் கடன். 2021 அக்டோபரில் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது மற்ற வங்கிகளுக்கு அது குறுகிய காலக் கடன் கொடுக்கும் வட்டி, 4 சதவீதத்தில் இருந்தது. ரெப்போவுக்கு மேல் 2.8 சேர்த்து எங்களுக்கு 6.8 சதவீத வட்டி, 20 ஆண்டுத் தவணைக்காலம், மாதத் தவணை 22,900 ரூபாய். வீடு வாங்குகிற எல்லோரும் போடும் கணக்கைத்தான் நாங்களும் முதலில் போட்டோம். 22,900-ஐ 240-ஆல் பெருக்கினால் ஏறத்தாழ 55 லட்சம். 30 லட்சம் வாங்கி 25 லட்சம் வட்டி கட்டப்போகிறோம். வாடகையாகக் கொடுத்துக்கொண்டிருந்ததை நினைத்து அதை ஒருவாறு விழுங்கிக்கொண்டோம். அந்தக் கணக்கு சரியானதுதான், 20 ஆண்டும் வட்டி 6.8-லேயே நின்றிருந்தால்.

அதற்கு முன்பே கைக்காசு கரைந்திருந்தது. அப்போது தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 4 சதவீதம். 42 லட்சத்துக்கு 4 லட்சத்து 62 ஆயிரம். (2023 ஏப்ரலில் பதிவுக் கட்டணம் 2 சதவீதமானது, கூடவே அரசு நிர்ணயிக்கும் வழிகாட்டி மதிப்பும் ஏறியது.) இந்தப் பணத்தை வங்கி வீட்டின் விலையோடு சேர்த்துக் கணக்கிடாது, முழுவதும் நம் கையிலிருந்துதான் போக வேண்டும். பிறகு வக்கீலின் சட்டக் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், பரிசீலனைக் கட்டணம், அதன்மேல் 18 சதவீத ஜிஎஸ்டி. மூலப் பத்திரத்தை வங்கியிடம் ஒப்படைப்பதையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்ய வேண்டும். அதன் முத்திரைத் தீர்வை கடன் தொகையில் அரை சதவீதம், எங்களுக்கு 15,000 ரூபாய். பதிவுக் கட்டணம் தனி. கடன் வாங்கப் போகிறவர்கள் இந்தச் செலவுகளைச் சில்லறை என்று ஒதுக்குவதைப் பார்க்கிறேன். எல்லாவற்றையும் கூட்டிப் பார்த்தால் அது ஒரு நல்ல கார் முன்பணம்.

கையெழுத்துப் போடும் நாளில் ஒன்று நடந்தது. கட்டுக்கட்டான தாள்களுக்கு நடுவே ஒரு காப்பீட்டு விண்ணப்பமும் இருந்தது. பிரீமியம் 90,000 ரூபாய், ஒரே தடவையில் கட்டுவது. என் மனைவி அந்தத் தாளில் விரலை வைத்து, "இது எதற்கு சார்?" என்று கேட்டாள்.

"கடனுக்குப் பாதுகாப்பு மேடம். எல்லோரும் எடுப்பதுதான். நீங்கள் கையிலிருந்து எதுவும் தர வேண்டாம், கடனோடு சேர்த்துவிடலாம். தவணையில் 690 ரூபாய்கூடக் கூடாது."

அவள் கைப்பேசியை எடுத்து 687-ஐ 240-ஆல் பெருக்கி, அதிகாரியின் பக்கமாகத் திருப்பிக் காட்டினாள். ஒரு லட்சத்து 65 ஆயிரத்துக்குச் சற்றுக் குறைவு. "இதை எடுத்தால்தான் கடன் கிடைக்குமா?" என்று கேட்டாள். அப்படி விதி எதுவும் இல்லை என்பது அவருக்கும் தெரியும். "உங்கள் விருப்பம் மேடம்" என்று தாளை உருவிக்கொண்டார். காப்பீடே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. கடன்காரன் இறந்தால் குடும்பம் வீட்டை இழக்கக் கூடாது. அதற்கு ஆண்டுதோறும் பிரீமியம் கட்டும் டேர்ம் பாலிசி ஒன்றைத் தனியாக எடுத்துக்கொண்டேன். "கடனோடு சேர்த்துவிடலாம்" என்று வங்கியில் யாராவது சொன்னால் உடனே கால்குலேட்டரை எடுப்பது அன்றிலிருந்து எங்கள் வீட்டு வழக்கமாகிவிட்டது.

முதல் தவணையில் 17,000 ரூபாய் வட்டிக்குப் போனது, 5,900 அசலில் கழிந்தது. எல்லா வீட்டுக்கடனும் இப்படித்தான் தொடங்கும், இதில் ஏமாற்று ஒன்றுமில்லை. 2022 மே மாதம் ரிசர்வ் வங்கி ரெப்போவை உயர்த்தத் தொடங்கியது. 4.40, 4.90, 5.40, 5.90, 6.25 என்று ஏறி, 2023 பிப்ரவரியில் 6.50-இல் வந்து நின்றது. எங்கள் கடன் நேரடியாக ரெப்போவோடு பிணைக்கப்பட்டது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி மாறும். ஒவ்வொரு முறையும் குறுஞ்செய்தி வந்தது. ஆனால் கணக்கிலிருந்து போனது அதே 22,900 என்பதால் வீட்டில் எதுவும் மாறியதாகத் தெரியவில்லை. தவணைத் தொகையைத் தொடாமல் தவணைக்காலத்தை மட்டும் நீட்டிக்கொண்டே போவது அன்றைய வங்கிகளின் வழக்கம். வலிக்காமல் ஊசி போடுவதில் கெட்டிக்காரர்கள்.

2023 ஏப்ரலில் கடன் கணக்கின் முழு ஸ்டேட்மெண்டை எடுத்துப் பார்த்தேன். தவணைக்கு ஒரு வரி; ஒவ்வொரு வரியிலும் வட்டி இவ்வளவு, அசல் இவ்வளவு. ஜூலை 2022-இல் அசலில் கழிந்தது 3,959. அக்டோபரில் 1,586. ஜனவரியில் 764. ஏப்ரலில் வட்டி 9.3 சதவீதம் ஆகியிருந்தது. 22,900 கட்டியதில் 22,729 வட்டிக்கு, 171 ரூபாய் அசலுக்கு. மதுரையில் இரண்டு பேர் சுமாராக டிபன் சாப்பிடும் காசு. அதற்கு முந்தைய பதினேழு தவணைகளில் 3 லட்சத்து 89 ஆயிரம் கட்டியிருந்தோம். அசல் குறைந்தது 67,000 ரூபாய்தான்.

அதே தவணையும் அதே வட்டியும் தொடர்ந்தால் கடன் தீர இன்னும் ஏறத்தாழ 53 ஆண்டுகள் ஆகும். வட்டி இன்னும் கால் சதவீதம் ஏறியிருந்தால் மாத வட்டியே 23,300-ஐத் தாண்டியிருக்கும். நாங்கள் தவறாமல் தவணை கட்டக் கட்ட, கடன் குறைவதற்குப் பதில் வளர்ந்திருக்கும்.

வங்கிக்கும் அது தெரியும் போலிருக்கிறது. அந்த மாதமே கடிதம் வந்தது: தவணை 24,460 ரூபாயாக உயர்கிறது, மொத்தத் தவணைக்காலம் 30 ஆண்டுகளாக மாற்றப்படுகிறது. 1,560 ரூபாய்தானே கூடுகிறது என்று மேலோட்டமாகப் பார்த்தால் பெருமூச்சு விடலாம். ஆனால் 2041-இல் முடிய வேண்டிய கடன் 2051-க்குப் போகிறது. கடன் வாங்கியபோது எனக்கு 36 வயது, எங்கள் நிறுவனத்தில் 58-இல் ஓய்வு. ஓய்வுக்குப் பிறகும் எட்டு ஆண்டுகள் தவணை.

என் மாமனார் கூட்டுறவுக் கடன் சங்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். கடிதத்தை வாங்கிக் கண்ணாடி போட்டுப் படித்தார். "மாப்பிள்ளை, எக்செல் எல்லாம் பிறகு வைத்துக்கொள்ளலாம். நிலுவை அசலை வட்டியால் பெருக்கி 1,200-ஆல் வகுங்கள். அதுதான் இந்த மாத வட்டி. தவணையில் அதைக் கழித்தால் மீதிதான் உங்கள் வீடு" என்றார். நிலுவை 29,32,798. அதை 9.3-ஆல் பெருக்கி 1,200-ஆல் வகுத்தால் 22,729. வங்கியின் கணினி சொன்னதும் மாமனார் காலண்டர் தாளின் பின்பக்கம் எழுதியதும் ஒரு ரூபாய் பிசகாமல் ஒத்துப்போயின.

பிறகு எக்செலில் இரண்டு வழிகளைப் பக்கத்தில் பக்கத்தில் போட்டேன். வங்கி சொன்னபடி 24,460 ரூபாய் வீதம் 343 மாதங்கள் கட்டினால் ஏப்ரலிலிருந்து கணக்கிட்டுக் கட்ட வேண்டியது 83 லட்சத்து 90 ஆயிரம். பழைய 2041 கெடுவுக்குள்ளேயே முடிக்க வேண்டுமானால் தவணை 27,700 ஆக வேண்டும். 223 மாதங்களுக்கு 61 லட்சத்து 75 ஆயிரத்தை ஒட்டி வரும். மாதம் 3,200 ரூபாய் சலுகைக்கு விலை 22 லட்சம். வட்டி இரண்டுக்கும் ஒன்றேதான். விலையைக் கூட்டியது காலம். வீட்டுக்கடனைப் பற்றிப் பேசும்போது எல்லோரும் "உனக்கு எத்தனை பர்சென்ட்?" என்று கேட்கிறார்கள். "இன்னும் எத்தனை மாதம்?" என்று ஒருவர்கூட என்னைக் கேட்டதில்லை.

தவணையை 27,700 ஆக்கிக் காலத்தைப் பழையபடி வையுங்கள் என்று கேட்கக் கிளைக்குப் போனால், "அது சிஸ்டம் தானாகச் செய்வது சார், கிளையில் மாற்ற முடியாது" என்றார்கள். தவணையைக் குறைக்கச் சொல்லி வருகிறவர்களைத்தான் அவர்களுக்குப் பழக்கம். கூட்டிக்கொள்கிறேன் என்று சொன்னவனை விநோதமாகப் பார்த்தார்கள். எழுத்து மூலம் கொடுத்து, ஒப்புகை முத்திரை வாங்கி, மேலாளரிடம் காலண்டர் தாள் கணக்கையும் காட்டிய பிறகு, தவணை பிடிக்கும் ஆணையில் புதிதாகக் கையெழுத்து வாங்கினார்கள். திருத்திய தவணை அட்டவணையையும் கேட்டு வாங்கிக்கொண்டேன். அதில் கடைசி வரியின் தேதியைப் பார்த்த பிறகே வெளியே வந்தேன்.

இன்று இவ்வளவு மல்லுக்கட்டத் தேவையில்லை. 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. காலத்தை நீட்டுவதால் மாத வட்டிக்கே தவணை போதாத நிலை வரக் கூடாது. இதுவரை கட்டிய அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் காலாண்டுக்கு ஒருமுறை தெரிவிக்கப்பட வேண்டும். 2024 அக்டோபர் 1 முதல் புதிதாகக் கடன் வாங்குகிறவர்களுக்கு, எல்லாக் கட்டணங்களும் சேர்ந்த ஆண்டு வட்டி விகிதமும் தவணை அட்டவணையும் அடங்கிய விவரத் தாளை, அவர்களுக்குப் புரியும் மொழியில் கொடுக்க வேண்டும் என்றும் விதி இருக்கிறது. தமிழில் கேளுங்கள்.

2024 ஜூனில் மனைவியின் சீட்டுப் பணம் இரண்டு லட்சம் கைக்கு வந்தது. அதை அப்படியே அசலில் கட்டினோம். தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. "தவணையைக் குறைத்துவிடவா சார்?" என்று கேட்டார்கள். வேண்டாம், மாதங்களைக் குறையுங்கள் என்றோம். இரண்டு லட்சத்துக்கு 32 தவணைகள் காணாமல் போயின. 27,700 வீதம் அது எட்டே முக்கால் லட்சத்துக்கு மேல். கடனின் தொடக்கத்தில் கட்டும் பணத்துக்குத்தான் இந்த வீரியம். கடைசி ஆண்டுகளில் அதே இரண்டு லட்சம் ஏழெட்டுத் தவணைகளைத்தான் குறைக்கும்.

அலுவலகத்தில் ஒரு நண்பர் இதை ஒப்புக்கொள்ளவே இல்லை. பதினைந்து ஆண்டு கழித்துக் கட்டும் 27,700-க்கு இன்றைய மதிப்பு இருக்காது, பணவீக்கம் கடனைத் தின்றுவிடும், அந்த இரண்டு லட்சத்தை வேறெங்காவது போடுங்கள் என்பது அவர் வாதம். முதல் பாதி உண்மைதான். எட்டே முக்கால் லட்சத் தவணை குறைந்தது என்று நான் சொல்வதிலும் அந்த அளவுக்குக் காற்று இருக்கிறது. ஆனால் வேறெங்கு போடுவது? பிபிஎஃப் என்ற அரசு சேமிப்புத் திட்டத்தில் 7.1 சதவீதம், சம்பளத்தில் பிடிக்கும் வருங்கால வைப்பு நிதியில் 8.25. அப்போது நான் கட்டிக்கொண்டிருந்தது 9.3. பங்குச் சந்தையில் அதற்கு மேல் கிடைக்கலாம், கிடைக்காமலும் போகலாம். வட்டி 7 சதவீதமாக இருந்தால் நானும் அவர் பக்கம் சாய்ந்திருப்பேன். வருமான வரிச் சலுகையைக் காட்டி, கடனை அடைக்காதே என்று சொல்கிறவர்களிடம் மட்டும் எனக்குப் பொறுமை இல்லை. பழைய வரி முறையில் சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு இரண்டு லட்சம் வரை கழிவு உண்டு. நான் தேர்ந்தெடுத்த புதிய முறையில் அதுவும் இல்லை. பழைய முறையில் இருந்தாலும், நூறு ரூபாய் வட்டி கட்டி முப்பது ரூபாய் வரி மிச்சம் பிடிப்பது லாபமாகாது.

2025-இல் காற்று திசை மாறியது. பிப்ரவரியில் தொடங்கி டிசம்பருக்குள் ரெப்போ 5.25-க்கு இறங்கியது. ஒவ்வொரு இறக்கத்தின்போதும் தவணையைக் குறைத்துக்கொள்ளலாம் என்று செய்தி வந்தது, நாங்கள் தொடவில்லை. 2026 ஜனவரியில் எங்கள் வட்டி 8.05. அந்த மாதத் தவணையில் வட்டி 16,828, அசல் 10,872. அட்டவணையின் கடைசி வரி இப்போது 2037 ஆகஸ்ட்.

மீதியிருக்கும் தலைவலி அந்த 2.8. ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் இந்தச் சேர்மானம் 2021-இல் எங்களுக்கு எழுதப்பட்டது. இன்று புதிதாக வரும் வாடிக்கையாளருக்கு 7.5-க்கும் குறைவாக வீட்டுக்கடன் என்று விளம்பரம் செய்கிறார்கள். நான்கு ஆண்டுகள் தவணை தவறாதவனுக்கு 8.05. கணக்குப் போட்டுப் பார்த்தேன்: 25 லட்சம் நிலுவைக்கு 0.6 சதவீதம் குறைந்தால் முதல் ஆண்டிலேயே 15,000 மிச்சம், தவணைகளும் ஆறு குறையும். வேறு வங்கிக்கு மாறினால் பரிசீலனைக் கட்டணம், சட்டக் கருத்துரை, பத்திர ஒப்படைப்புக்கு மறுபடி 12,500 முத்திரைத் தீர்வை என்று எல்லாம் முதலிலிருந்து. சொந்த வங்கியே குறைத்தால் ஒரு மாற்றுக் கட்டணத்தோடும் ஜிஎஸ்டியோடும் போய்விடும். ஆகவே முதலில் இவர்களிடமே கடிதம் கொடுத்திருக்கிறேன். மேலிடத்துக்கு அனுப்பியிருப்பதாகச் சொல்கிறார்கள். அடுத்த காலாண்டு மாற்றம் வரை பொறுப்பது என்று முடிவு. அதற்குள் வில்லங்கச் சான்றும் பத்திர நகல்களும் எடுத்து வைத்துவிட்டேன். மறுத்தால் அடுத்த வங்கியில் கேட்கும் முதல் இரண்டு காகிதங்கள் அவைதான்.